அழகாகவே படத்தில் விழும் சேதம்: திருகோணமலையில் ஆவணப்படம் எடுக்க நினைப்பவருக்கு

கேள்வி: நான் திருகோணமலையைச் சேர்ந்தவள். புல்மோட்டை முதல் வெருகல் வரை, சுற்றுச்சூழல் மாற்றத்தால் சிதைந்த நிலப்பரப்புகளைப் பற்றி ஒரு மணி நேர ஆவணப்படம் எடுக்க நினைக்கிறேன். புல்மோட்டை இல்மனைட் மணல், புறாத்தீவு முருகைக்கற்கள் (பவளப்பாறைகள்), சீனக்குடா எண்ணெய்த் தாங்கிகள், நகரத்து மான்கள், கந்தளாய்க் குளம், கிண்ணியா மணல் அகழ்வு, சம்பூர், வெடிவைத்து மீன்பிடித்தல் என்று எட்டு விடயங்களைப் பட்டியலிட்டிருக்கிறேன். ஆனால் இதுவரை எடுத்த காட்சிகள் எல்லாம் சுற்றுலா விளம்பரம் போலவே இருக்கின்றன. சேதம் கண்ணுக்குத் தெரியவில்லை. என்ன செய்வது?

பதில்:

உங்கள் குறை நியாயமானது. பாதிப் பதில் அதற்குள்ளேயே இருக்கிறது. திருகோணமலையில் சேதம் சேதமாகத் தோற்றமளிப்பதில்லை. புல்மோட்டைக் கறுப்பு மணல் வெயிலில் மினுங்கும். வெளிறிய முருகைக்கல் உயிருள்ளதைவிடப் பளிச்சென்று இருக்கும். அடி தோண்டப்பட்ட ஆறு அகன்று, ஆடாமல் அசையாமல் நீலமாகக் கிடக்கும். ஆட்களை வெளியேற்றிய ஊர் சில மழைக்காலங்களிலேயே பச்சைப்பசேலென்று ஆகிவிடும். இவற்றுக்கு மேலே ட்ரோனை ஏற்றினால் ஹோட்டல் விளம்பரம்தான் இறங்கி வரும்.

ஒரு நிலம் சிதைந்துவிட்டது என்று சொல்லும்போது, அது முன்பு எப்படி இருந்தது என்பதையும், எந்த வேலை அதை மாற்றியது என்பதையும், அந்த வேலைக்கு யார் கையெழுத்திட்டார்கள் என்பதையும் சேர்த்தே சொல்கிறோம். இவற்றில் ஒன்றுகூடத் தனியொரு காட்சியில் தெரியாது. ஆகவே சேதத்தின் முடிவைத் தேடி அலைவதை விட்டுவிட்டு, சேதம் நடக்கும் முறையைப் படம் எடுங்கள். யார் அள்ளுகிறார், எதால் அள்ளுகிறார், எங்கே கொண்டுபோகிறார், திரும்ப வர வேண்டியது ஏன் வரவில்லை என்பதைக் காட்டுங்கள். இப்படி எடுக்க ஒவ்வோர் இடத்திலும் நீண்ட நேரம் நிற்க வேண்டும். எட்டு இடங்களில் நிற்க முடியாது. ஒரு மணி நேரத்தை எட்டாகப் பிரித்தால் இடத்துக்கு ஏழரை நிமிடம் வரும். அது செய்தித் தொகுப்புக்குத்தான் போதும்.

என் ஆலோசனை: படத்தை மணலின் மேல் கட்டுங்கள். மகாவலியின் கழிமுகம், கிண்ணியா, புல்மோட்டை ஆகிய மூன்றும் மணலால் ஒன்றோடொன்று தொடர்புபடுகின்றன. உங்கள் பட்டியலில் மற்ற ஆறு விடயங்களில் சிலவற்றை முழுதாக விட்டுவிடுங்கள். சிலவற்றை ஓரமாகத் தொட்டுச் செல்லலாம்.

முதலில் விட வேண்டியவை. சீனக்குடா எண்ணெய்த் தாங்கிகளை விட மனம் வராது என்று தெரியும். காட்டுக்குள் 99 தாங்கிகள், ஒவ்வொன்றும் ஏறத்தாழ 12,000 கிலோலீற்றர் கொள்ளளவு, பிரித்தானியர் தங்கள் கடற்படைக்காகக் கட்டிவைத்தவை. 1942 ஏப்ரல் 9ஆம் திகதி ஜப்பானிய விமானம் வந்து மோதி எரிந்த தாங்கியின் உருகிய இரும்பு இன்றும் கிடக்கிறது. 2022 ஜனவரியில் கையெழுத்தான உடன்படிக்கையின்படி 14 தாங்கிகள் இந்தியன் ஒயில் நிறுவனத்தின் கிளையான லங்கா ஐஓசியிடமும், 24 இலங்கைப் பெற்றோலியக் கூட்டுத்தாபனத்திடமும், மீதி 61 இரண்டும் சேர்ந்த கூட்டு நிறுவனத்திடமும் இருக்கின்றன. கதை நல்ல கதைதான். ஆனால் அது எண்ணெயின் கதை, வல்லரசுகளின் கதை. கொடி சுற்றிய துருப்பிடித்த இரும்பை எந்தக் கோணத்தில் எடுத்தாலும் கவிதை மாதிரி வந்துவிடும். பார்ப்பவர் பெருமூச்சு விட்டு அடுத்த காட்சிக்குப் போய்விடுவார். அதை இன்னொரு படத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

மான்களையும் விடுங்கள். பிரட்றிக் கோட்டை வாசலில் பொலித்தீன் பையை மென்றுகொண்டிருக்கும் புள்ளிமானை ஊருக்கு வரும் ஒவ்வொருவரும் கைப்பேசியில் எடுத்துப் போகிறார்கள். அதில் நீங்கள் சேர்க்கக்கூடியது எதுவும் இல்லை. கந்தளாயைப் பற்றிச் சொல்ல எனக்குத் தயக்கம் உண்டு. 1986 ஏப்ரல் 20 அதிகாலையில் அணைக்கட்டு உடைந்து நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் இறந்துபோனார்கள். உறவுகளை இழந்தவர்கள் இன்னும் அங்கே வாழ்கிறார்கள். அவர்களிடம் போய் ஏழு நிமிடத் துண்டுக்காக அந்த இரவைத் திரும்பச் சொல்லச் சொல்வது முறையல்ல. அதற்குத் தனிப்படம் வேண்டும், வேறு வகையான பொறுமையும் வேண்டும்.

இனி மணலுக்கு வருவோம்.

மகாவலி 335 கிலோமீற்றர் நீளமான ஆறு, இலங்கையிலேயே நீளமானது. மலைநாட்டில் புறப்பட்டு மூதூருக்கும் கிண்ணியாவுக்கும் இடையில் கொட்டியாரக்குடாவில் விழுகிறது. ஒரு கிளை வெருகலாறாகப் பிரிந்து தெற்கே கடலைச் சேர்கிறது. எங்கள் பக்கத்தில் பெயர் சொல்லாமல் 'கங்கை' என்றாலே மகாவலிதான். மலைநாட்டுப் பாறை சிதைந்து உருண்டு உடைந்து, வெள்ளத்தோடு வெள்ளமாக இங்கே மணலாக வந்து சேர வேண்டும். அந்த வருகையை மேலே பல இடங்களில் மறித்தாயிற்று. 1976இல் பொல்கொல்லையில் ஆற்றின் ஒரு பகுதியைத் திருப்பினார்கள். 1985இல் விக்டோரியா அணை வந்தது. அதன்பின் ரந்தெனிகல, ரன்தம்பே. அம்பன் கங்கையின் பக்கம் 2018இல் மொரகஹகந்த. அணைக்கட்டு தண்ணீரைத் திறந்துவிடும், மணலைத் திறந்துவிடாது. நீர்த்தேக்கத்துக்குள் நுழையும்போதே ஓட்டம் தளர்ந்து பருமணல் அடியில் படிந்துவிடுகிறது. பெருவெள்ளத்தின் உச்சியையும் அணை மழுங்கடிக்கிறது. ஆறு மணலை நகர்த்துவது பெரும்பாலும் வெள்ள நாட்களில்தான் என்பதால் இது இரட்டை இழப்பு.

வந்து சேரும் மணலும் முழுதாகக் கரையில் தங்குவதில்லை. கொட்டியாரக்குடாவுக்குள்ளிருந்தே ஓர் ஆழ்கடல் பள்ளத்தாக்கு தொடங்கி, 3,000 மீற்றருக்கும் கூடுதலான ஆழத்துக்கு இறங்குகிறது. உலகப் புகழ் பெற்ற எங்கள் துறைமுகத்தின் ஆழமும், கரைக்கு இவ்வளவு அருகில் நீலத்திமிங்கிலம் வருவதும் அந்தப் பள்ளத்தாக்கோடு தொடர்புடையவை. அதற்குள் விழுந்த மணல் திரும்ப மேலே வராது. ஆக, இந்தக் கரையின் மணல் கணக்கில் செலவு எப்போதும் உண்டு, வரவுதான் குறைந்துவிட்டது. உங்கள் படத்தின் முதல் பத்து நிமிடங்களில் இந்தக் கணக்கு பார்ப்பவருக்குப் பிடிபட்டுவிட வேண்டும். அதன்பின் கிண்ணியாவில் ஒரு தோணி மணலோடு கரை சேரும் சாதாரணக் காட்சிக்கே வேறு பொருள் வந்துவிடும். பின்னணி இசை தேவைப்படாது.

கிண்ணியாவில் எச்சரிக்கையாக இருங்கள். 2004 டிசெம்பர் ஆழிப்பேரலைக்குப் பின் வீடுகள் கட்ட மணல் தேவைப்பட்டது. 2009க்குப் பின் வீதி, பாலம், ஹோட்டல் என்று தேவை இன்னும் ஏறியது. நகரத்தில் எழுந்த சுவர்களில் பெரும்பங்கு கங்கை மணல். ஆற்றின் அடி தாழ்ந்தால் கரை சரிகிறது. கடல் மட்டத்துக்குக் கீழே தாழ்ந்த இடத்தில் உவர்நீர் உள்ளே ஏறிக் கிணறுகளைத் தொடுகிறது. இதையெல்லாம் காட்டத்தான் வேண்டும். ஆனால் இடுப்பளவு தண்ணீரில் நின்று வாளியால் அள்ளிப் போடுபவருடைய முகத்தைக் குற்றவாளி முகமாக்கிவிடாதீர்கள். அவர் நாள் கூலிக்காரர். 1992ஆம் ஆண்டின் 33ஆம் இலக்க சுரங்கங்கள் கனிப்பொருட்கள் சட்டத்தின்கீழ் அனுமதிப்பத்திரம் வைத்திருப்பவர் வேறு ஆள், லொறிக்காரர் வேறு, மணலை வாங்கிச் சுவர் எழுப்பியவர், அநேகமாக உங்கள் படத்துக்குப் பணம் தரக்கூடிய ஒருவர், இன்னும் வேறு. கமெராவுக்கு எட்டுவது எப்போதும் சங்கிலியின் கடைசி ஆள்தான், ஏனென்றால் அவர் மட்டும்தான் வெயிலில் நிற்கிறார். அவருடைய கைகளை எடுங்கள், வாளியை எடுங்கள், தோணியின் விளிம்பு தண்ணீர் மட்டத்துக்கு எவ்வளவு கிட்ட வருகிறது என்பதை எடுங்கள். முகம் வேண்டுமென்றால், காட்சி எங்கே ஓடும், யார் பார்ப்பார்கள் என்று விளங்கச் சொல்லி, வீட்டாரும் கேட்டிருக்கச் சம்மதம் வாங்குங்கள். பொலிஸ் நிலையத்திலும் அந்தக் காட்சி ஓடலாம் என்பதையும் சொல்லுங்கள்.

பிறகு, மணலை வாங்கும் இடத்துக்குப் போங்கள். நகரத்தில் எழும் ஒரு கட்டடத்தின் சுவரை வாரத்துக்கு ஒருமுறை ஒரே இடத்தில் நின்று எடுங்கள். ஆறு தாழ்வதை உங்களால் படம் எடுக்க முடியாது. சுவர் உயர்வதை எடுக்கலாம்.

புல்மோட்டைக்கு அதிக நேரம் வையுங்கள். நகரத்திலிருந்து வடக்கே ஐம்பது கிலோமீற்றருக்குச் சற்று மேல். 1957இல் தொடங்கிய கனிய மணல் கூட்டுத்தாபனம் இன்று அரசுக்குச் சொந்தமான நிறுவனமாக இயங்குகிறது. அங்கே கரை முழுவதும் கறுப்பாக இருப்பதற்குக் காரணம் இல்மனைட். அதோடு ரூட்டைல், சிர்கோன், சிறிதளவு தோரியம் அடங்கிய மொனசைட் எல்லாம் கலந்திருக்கின்றன. உள்நாட்டுப் பழம்பாறைகளிலிருந்து கழன்று ஆறுகள் வழியே கடலுக்கு வந்தவை. கடல் இவற்றைப் பிரிக்கும் விதம் சுளகில் நெல் புடைப்பது போன்றது: வாடைக்காற்று (வடகீழ்ப் பருவக்காற்று) காலத்து அலை கரையில் ஏறி இறங்கும்போது பாரமில்லாத வெண்மணலை இழுத்துக்கொண்டு போகும், அதைவிட ஒன்றரை மடங்குக்கும் மேல் கனமான கறுப்பு மணி கரையில் தங்கிவிடும். ஒவ்வொரு வாடைக்குப் பிறகும் கரை புதிதாகக் கறுக்கும். இயந்திரங்கள் அதை அள்ளும். ஆலைக்குள் காந்தத்தால் இல்மனைட்டைப் பிரித்தெடுப்பார்கள். ரூட்டைல் மின்சாரத்தைக் கடத்தும், சிர்கோன் கடத்தாது. அந்த வேறுபாட்டை வைத்து அவை இரண்டையும் பிரிப்பார்கள்.

ஆலைக்குள் அனுமதி கிடைக்காமல் போகலாம். கவலைப்பட வேண்டாம். பொதுமக்கள் நடமாடும் கரையில் ஒரு வெள்ளைத் தாளில் ஒரு பிடி மணலைப் பரப்பி, வலிமையான நியோடிமியம் காந்தம் ஒன்றைத் தாளின் அடியில் மெல்ல நகர்த்துங்கள். கறுப்பு மணிகள் எழுந்து மயிர்க்கால் போலக் குத்திட்டு நிற்கும். காந்தம் போகும் பக்கமெல்லாம் கூட்டமாக ஊரும். பின்னால் கிடப்பது வெளிறிய மணலும், தேன் நிறத்தில் ஓரிரண்டு மணிகளும். மெக்ரோ லென்ஸில், ஓரப்பக்க வெளிச்சத்தில், வெட்டாமல் எடுங்கள். ஆலைக்குள் நடக்கும் வேலையின் ஒரு படியை உங்கள் உள்ளங்கை அளவில் காட்டிவிட்டீர்கள். மணலைத் திரும்பப் போட்டுவிட்டு வாருங்கள். போத்தலில் நிரப்பிக்கொண்டு போகும் ஆட்களை அங்கே யாருக்கும் பிடிக்காது.

அடுத்த காட்சிக்கு வீட்டுக்குள் வரலாம். இல்மனைட்டிலிருந்தும் ரூட்டைலிலிருந்தும் கிடைப்பது டைட்டேனியம் டைஒக்சைட், உலகத்தின் வெள்ளைச் சாயம். சுவருக்கு அடிக்கும் வெள்ளைப் பெயின்ற், தாள், பற்பசை எல்லாவற்றிலும் அது இருக்கிறது. சிர்கோன் தரையோட்டின் பளபளப்புக்குப் போகிறது. புல்மோட்டையில் கறுப்பாக அள்ளி ஏற்றுமதியாவது வெளிநாட்டில் வெளுத்து, விலை பல மடங்காகித் திரும்பி வருகிறது. மூலப்பொருளாகவே விற்கிறோமே என்ற ஆதங்கம் ஊரில் எல்லோரிடமும் உண்டு; ஆலையில் வேலை செய்பவர்களிடமும் உண்டு. இந்த இடத்தில் படம் தன் போக்கில் சிக்கலாகட்டும். ஆலை பல குடும்பங்களுக்குச் சோறு போடுகிறது. அதே கரையில் கரைவலை இழுப்பவர்களுக்கும் வாடி (மீனவர் கொட்டில்) அமைப்பவர்களுக்கும் இடம் வேண்டும். அகழ்வு வடக்கே கொக்கிளாய்ப் பக்கம் நகரும் பேச்சு எழும்போதெல்லாம் அங்குள்ள மீனவர்கள் எதிர்ப்புத் தெரிவித்திருக்கிறார்கள். இரண்டு தரப்பும் சரியாகத்தான் பேசுகின்றன என்று பார்ப்பவர் தடுமாறினால் உங்கள் படம் நன்றாகப் போய்க்கொண்டிருக்கிறது என்று பொருள்.

கனமான மணியை எடுத்தபின் எஞ்சுவது பாரமற்ற மணல். அது அலைக்கு எளிதில் வழிவிடும். ஆனால் 'கடல் ஊரை விழுங்குகிறது' என்று பின்னணிக் குரலில் சொல்லிவிடாதீர்கள். அளந்து காட்டுங்கள். லேண்ட்சாற் செய்மதிப் படங்கள் 1972 முதல் உண்டு. எண்பதுகளிலிருந்து 30 மீற்றர் துல்லியத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன. செண்டினல்-2 தரும் படங்கள் 2015 முதல் 10 மீற்றர் துல்லியம். அவற்றுக்கு முன்பு? கொழும்புத் திட்டத்தின்கீழ் கனடாவின் உதவியோடு 1956இல் இலங்கை முழுவதையும் வானிலிருந்து படம் எடுத்தார்கள். அந்த வான்படங்கள் நில அளவைத் திணைக்களத்தின் சேகரிப்பைச் சேர்ந்தவை. எழுதிக் கேளுங்கள். பொல்கொல்லைக்கு இருபது ஆண்டுகள் முந்திய கழிமுகத்தைத் திரையில் பார்ப்பது எந்தப் பேட்டியையும்விட வலிமையானது. ஒன்று கவனிக்க: ஒரே ஆண்டில் வாடைக்கு முன்னும் பின்னும் கரை பல மீற்றர் வேறுபடும். மே மாதப் படத்தை மே மாதப் படத்தோடுதான் ஒப்பிட வேண்டும். இல்லாவிட்டால் யாராவது ஒரு பொறியியலாளர் எழுந்து நின்று ஒரு நிமிடத்தில் உங்கள் படத்தைக் கவிழ்த்துவிடுவார்.

வெள்ளமும் இந்தக் கணக்கில் வர வேண்டும். 2020 டிசெம்பர் 2ஆம் திகதி புரெவி புயல் எங்கள் மாவட்டக் கரையில்தான் ஏறியது. 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயலின்போது மகாவலி பெருக்கெடுத்து மாவிலாற்று அணையின் கரை உடைந்தது. அதே மாவிலாற்றின் கதவுகளை 2006 யூலையில் மூடியதிலிருந்துதான் கடைசிப் போர் மூண்டது. தண்ணீர் வராமலும் அழிவு, வந்தும் அழிவு. வெள்ளம் வடிந்தபின் வயலில் எவ்வளவு மணல் படிந்தது, எந்த வாய்க்கால் தூர்ந்தது என்று விவசாயிகளிடம் கேளுங்கள். ஆற்றின் மறுபக்கக் கணக்கு அங்கே இருக்கிறது: கரைக்கு வர வேண்டிய மணல் ஒரே நாளில் தவறான இடத்துக்கு வந்து சேர்கிறது.

இப்போது ஒலி. நான் பெரும்பாலும் ஒலிப்பதிவு வேலை செய்தவன். அதனால் பக்கச்சார்போடுதான் பேசுகிறேன். காட்சி அழகாகிவிடும் இடத்தில் ஒலி அழகாகாது. கரைவலையை எடுத்துக்கொள்ளுங்கள். வலை இழுக்கும்போது பாடும் அம்பாப் பாடல் மூச்சுக்கும் அடிக்கும் தாளம் கொடுக்கும். இப்போது சில இடங்களில் உழவு இயந்திரத்தில் சுழலியைப் பூட்டி இழுக்கிறார்கள். தூரத்திலிருந்து எடுத்தால் அதே கடல், அதே வலை, அதே மனிதர்கள். கண்ணை மூடிக் கேட்டால் இயந்திர உறுமல் மட்டும்தான். அந்த ஒலியைக் காட்சி வருவதற்கு முன்பே கேட்க விடுங்கள்.

வெடிவைத்து மீன்பிடிப்பதையும் இப்படித்தான் அணுக வேண்டும். அதை நேரில் படம் எடுக்கப் போகாதீர்கள், அது ஆபத்து. உங்களைக் கூட்டிப்போகும் வள்ளக்காரர் அடுத்த நாளும் அந்தக் கடலில்தான் தொழில் செய்ய வேண்டும். தண்ணீரில் ஒலி காற்றைவிட நான்கு மடங்குக்கும் மேலான வேகத்தில், வெகுதூரம் போகும். நீரடி மைக் ஒன்றை நங்கூரமிட்ட வள்ளத்திலிருந்து இறக்கி நீண்ட நேரம் பதிவு செய்யுங்கள். இறால் வகைகளின் இடைவிடாத வெடிச்சத்தம் எண்ணெயில் பொரிவது போலக் கேட்கும். உயிருள்ள முருகைப் பாரின் சத்தம் அது. தூரத்தில் எங்காவது டைனமைட் வெடித்தால் அதற்கு மேல் ஓர் அடி விழும், பிறகு பழைய சத்தம். மீன் சந்தையில் இன்னொரு காட்சி இருக்கிறது. வெடியில் செத்த மீனை அனுபவமுள்ள வியாபாரி அழுத்திப் பார்த்தே சொல்லிவிடுவார். வெட்டினால் முள்ளந்தண்டோடு ஒட்டி இரத்தம் உறைந்திருக்கும், காற்றுப்பை கிழிந்திருக்கும். கத்தி, மீன், விரல் இவை மட்டும் போதும். கடைக்காரர் யார் என்று தெரிய வேண்டியதில்லை.

புறாத்தீவு மணல் கதைக்குள் வராது. ஆனால் முழுதாக விடச் சொல்லவும் மனம் இல்லை. நிலாவெளிக் கரையிலிருந்து ஏறத்தாழ ஒரு கிலோமீற்றர் தள்ளியிருக்கும் அந்தத் தீவு 2003இல் தேசியப் பூங்காவானது. 1998இல் கடல் சூடேறி இலங்கையின் தென், மேற்குக் கரை முருகைக்கற்கள் பெருமளவில் மடிந்தபோது இந்தப் பக்கம் ஓரளவு தப்பியது. அந்தத் தப்பிப்பு நிரந்தரமில்லை என்பதைப் பிந்திய வெப்ப ஆண்டுகள் காட்டிவிட்டன. வழக்கமான உச்ச வெப்பத்தைவிட ஒரு பாகை கூடி, சில வாரங்கள் அப்படியே நின்றால் போதும். முருகை உயிரி தனக்கு நிறமும் உணவும் தரும் நுண்பாசியை வெளியேற்றிவிடும். படம் எடுப்பவரை ஏமாற்றும் கட்டம் இதுதான். வெளிறிய கல் வெள்ளையாகவும் இளநீலமாகவும் ஒளிரும்; பார்ப்பவர் வியந்துபோவார். அது பட்டினி கிடக்கும் உயிர் என்று அவருக்குத் தெரியாது. ஒரே கல்லை, அளவுகோலும் நிற அட்டையும் பக்கத்தில் வைத்து, மே மாதத்திலும் செப்டெம்பரிலும் எடுங்கள். தண்ணீருக்குள் சில மீற்றரிலேயே சிவப்பு மங்கிவிடும் என்பதால் நிற அட்டை இல்லாத நீரடிப் படத்துக்குச் சாட்சி மதிப்புக் கிடையாது. வனஜீவராசிகள் திணைக்களத்தின் அனுமதி இல்லாமல் வணிகப் படப்பிடிப்புச் செய்ய முடியாது என்பதையும் மறக்க வேண்டாம்.

சம்பூரைப் பற்றி நீங்கள் தனியாகக் கேட்கவில்லை. ஆனால் உங்கள் பட்டியலில் மிகவும் கடினமானது அதுதான். 2006இல் குண்டுவீச்சுக்கும் எறிகணைக்கும் தப்பி வெளியேறியவர்கள் கிளிவெட்டி போன்ற இடங்களில் முகாம் வாழ்க்கை வாழ்ந்தார்கள். ஊர் உயர் பாதுகாப்பு வலயமானது. 500 மெகாவாற் அனல்மின் நிலையம் வரும் என்றார்கள். 2015, 2016இல் மக்கள் திரும்பினார்கள். 2016இல் நிலக்கரித் திட்டமே கைவிடப்பட்டது. 2025 ஏப்ரலில் 120 மெகாவாற் சூரிய மின் திட்டத்தின் பணிகள் தொடக்கிவைக்கப்பட்டன. கட்டப்படாத ஓர் அனல்மின் நிலையத்தைக் கமெரா எப்படிக் காட்டும்? காடு மண்டிய வளவையும் இடிந்த கிணற்றையும் காட்டினால் இயற்கை மீண்டெழுந்தது என்று வெளியூர்க்காரர் மகிழ்ந்துபோவார். அந்தப் பச்சைக்கு அடியில் யாருடைய காணி உறுதி இருக்கிறது என்பதுதான் கேள்வி. இதை உங்கள் மணல் படத்துக்குள் அடக்க முடியாது. அடுத்த படத்தை அங்கே தொடங்குங்கள்.

சம்பூரைச் சொன்னதால் இதையும் சொல்ல வேண்டும். சுற்றாடல் என்று நீங்கள் சொன்னால் காணி என்று கேட்கும் மாவட்டம் இது. வன எல்லைக்கல், தொல்லியல் அறிவிப்புப் பலகை, வனவிலங்குச் சரணாலயம் எல்லாமே இங்கே யாருடைய நிலம் என்ற கேள்வியாகத்தான் காதில் விழும். அந்த அச்சத்துக்குக் காரணங்கள் இருக்கின்றன. புத்திமதி சொல்லி அதைத் தீர்க்க முடியாது. அதே நேரம், மணல் அகழ்வோர் எல்லாம் ஒரு சமூகம், பாதிக்கப்பட்டோர் எல்லாம் இன்னொரு சமூகம் என்று படத்தொகுப்பு மேசையில் தன்னாலேயே ஒரு வடிவம் உருவாகிவிடும். யாரை எந்த ஊரில் சந்தித்தீர்கள் என்பதால் நேரும் விபத்து அது. மூதூர்த் தமிழரும் கிண்ணியா முஸ்லிம்களும் சேருவில சிங்கள விவசாயிகளும் ஒரே ஆற்றின் கரையில் இருக்கிறார்கள். மூவரையும் ஒரே கேள்வியோடு அணுகுங்கள்: ஆறு உங்கள் வளவுக்கு எவ்வளவு கிட்ட வந்திருக்கிறது?

பேட்டி எடுக்கும்போது வயதானவர்களைக் கதிரையில் உட்கார்த்திவைக்காதீர்கள். உட்கார்ந்தால் 'அந்தக் காலத்தில்' என்று தொடங்கிப் பொதுவாகப் பேசுவார்கள். கரைக்குக் கூட்டிப்போய் நடக்கவிடுங்கள். பழைய வாடி எங்கே இருந்தது, எந்தத் தென்னையில் வள்ளத்தைக் கட்டினீர்கள் என்று கேளுங்கள். அவர்கள் கடலுக்குள் கைநீட்டிக் காட்டும் இடத்தை ஜிபிஎஸ்ஸில் குறித்து, 1956 படத்தோடு வைத்துப் பாருங்கள். நினைவும் வரைபடமும் ஒத்துப்போனால் அது உங்கள் படத்தின் முதுகெலும்பு. ஒத்துப்போகாவிட்டால் அதையும் படத்தில் வையுங்கள்.

காகித வேலையைக் கடைசிக்குத் தள்ளாதீர்கள். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் எந்தப் பிரசையும் அரச அலுவலகத்திடம் எழுதிக் கேட்கலாம். 14 வேலைநாட்களுக்குள் முடிவு சொல்ல வேண்டும். உங்கள் பிரதேசத்தில் எத்தனை மணல் அனுமதிப்பத்திரங்கள் நடைமுறையில் உள்ளன, எத்தனை கியூப் மணலுக்கு என்று புவிச்சரிதவியல் அளவை சுரங்கப் பணியகத்திடம் கேளுங்கள். பதில் கடிதத்தை மேசையில் வைத்து வரி வரியாக எடுங்கள். தமிழில் கேட்டதற்கு வேறு மொழியில் பதில் வந்தால் அதையும் அப்படியே எடுங்கள். ட்ரோனுக்கு சிவில் விமானப் போக்குவரத்து அதிகார சபையின் பதிவும் பாதுகாப்பு அமைச்சின் அனுமதியும் தேவை. திருகோணமலையில் கடற்படையின் கிழக்குக் கட்டளைத் தளமும் சீனக்குடா விமானப்படைத் தளமும் இருப்பதால், அனுமதியில்லாமல் பறக்கவிட்டுத் தப்புவது இங்கே நடக்காது. நீங்களும் உதவியாளரும் மட்டும் மாட்டிக்கொள்வீர்கள் என்றால் பரவாயில்லை. உங்களுக்குத் தேநீர் கொடுத்த வீட்டுக்காரரையும் தேடி வருவார்கள். உண்மையைச் சொன்னால், ட்ரோன் இல்லாமல் எடுத்தால் உங்கள் அழகுப் பிரச்சினை பாதி தீர்ந்துவிடும்.

காலக்கணக்கு: கடலடி வேலையை ஏப்ரலுக்கும் செப்டெம்பருக்கும் இடையில் முடியுங்கள். கச்சான் காற்று (தென்மேற்குக் காற்று) வீசும் மாதங்களில் மதிய வெயிலில் கமெரா சூடேறி நின்றுவிடும். விடியற்காலையிலும் நான்கு மணிக்குப் பிறகும் வேலை செய்யுங்கள். புல்மோட்டையில் கரை கறுப்பதைப் பார்க்க வாடை முடிந்தவுடன் போக வேண்டும். நவம்பரில் ஆற்றங்கரையில் இருங்கள். ஒரு முழு வருடம் இல்லாமல் இந்தப் படம் வராது. அந்த வருடத்துக்கான பணம் கையில் இல்லையென்றால், கிண்ணியாவை மட்டும் எடுத்து இருபத்தைந்து நிமிடத்தில் முடியுங்கள். படத்தின் முதல் தொகுப்பை வெளியூர் விழாவுக்கு அனுப்புவதற்கு முன்பு அங்குள்ள பாடசாலை மண்டபத்தில் போட்டுக்காட்டி, முகம் காட்டியவர்கள் நீக்கச் சொல்லும் காட்சியை நீக்கிவிடுங்கள்.